இந்திப் படமும் மாமனாரின் நாக்கும்

ஆவடி குவார்ட்டர்ஸில் எங்கள் வரிசையில் டிவி இருந்தது எங்கள் வீட்டில் மட்டும்தான். சனிக்கிழமை சாயங்காலம் இந்திப் படம் போட்டால் கூடம் நிரம்பிவிடும். வருகிறவர்களில் ஒருவருக்கும் இந்தி தெரியாது. தெரிந்த ஒரே ஆளான என் மாமனார், பட்டாளத்தில் இருபது வருஷம் வடக்கே இருந்தவர், மூலைக் கட்டிலில் வாயைத் திறக்காமல் படுத்திருந்தார்.

பக்கவாதம் வந்து நாலு மாதம். கால் கொஞ்சம் தேறிவிட்டது, நாக்குதான் புரளவில்லை. பேசப் பேசத்தான் சரியாகும், இப்படியே விட்டால் பேச்சு போயே போய்விடும் என்று டாக்டர் கண்டிப்பாகச் சொல்லியிருந்தார். ஆனால் முதல் வாரம் அவர் குழறியபோது பார்க்க வந்த யாரோ சிரித்துத் தொலைத்தார்கள். அன்றோடு வாயை மூடிக்கொண்டார். நானும் கெஞ்சினேன், கத்தினேன், ஒருநாள் கஞ்சிக் கிண்ணத்தை ணங்கென்று வைத்துவிட்டு அடுப்படியில் போய் அழுதேன். சும்மா சொல்லக் கூடாது, பிடிவாதத்தில் அவரை மிஞ்ச ஆள் கிடையாது.

படத்துக்குக் கதை சொல்வது பக்கத்து வீட்டு அக்கா. பட்டாபிராம்காரி. இந்தி சுத்தமாகத் தெரியாது, அதனால் என்ன? நடிகர்கள் முகத்தைப் பார்த்தே கதை கட்டிவிடுவாள். அன்றைய படத்தில் படுக்கையோடு ஒரு கிழவர், அவரைக் கவனிக்கப் பயந்து ஓடி ஒளியும் பிள்ளைகள். விழுந்து விழுந்து சிரித்தோம். அப்போது ஒரு பெண் வந்து கிழவருக்குச் சோறு ஊட்டினாள்.

"இவ நர்சும்மா. சம்பளத்துக்கு வந்துகீறா," என்றாள் அக்கா.

கட்டில் கிரீச்சிட்டது.

"ந... நர்சு இல்ல!" மாமனார் எழுந்து உட்கார்ந்திருந்தார். முகம் சிவந்திருந்தது. "ம... மருமக! மருமக அவ!"

கூடமே கட்டில் பக்கம் திரும்பியது. அக்கா மட்டும் அசரவில்லை.

"அப்டியா நைனா? அப்போ அந்த குண்டன் யாரு?"

"மூ... மூத்தவன். சோம்பேறி."

அவ்வளவுதான். படம் முடியும்வரை, குழறிக் குழறி, ஒரு வசனம் விடாமல் சொன்னார். எல்லோரும் அவர் சொல்லி முடிக்கும்வரை பொறுத்திருந்து, அப்புறம்தான் ஜோக்குக்குச் சிரித்தார்கள். நான் பக்கத்தில் உட்கார்ந்து அவர் வாயைத் துடைத்துக்கொண்டே இருந்தேன். ஜெயித்துவிட்டோம் என்று எழுந்து கத்த வேண்டும் போலிருந்தது.

எல்லோரும் போன பிறகு காபி கொடுத்தேன். ஒரு வாய் குடித்துவிட்டு என்னை நிமிர்ந்து பார்த்தார்.

"நா... நாலு மாசமா உங்கிட்ட சொல்லணும்னு இருந்தேன்."

"சொல்லுங்க மாமா," என்றேன், கண்ணைத் துடைத்தபடி.

"ச... சக்கர ஜாஸ்தி."

ஓடிப்போய் வேறு காபி போட்டேன். அன்றைக்கு மட்டும் அவர் என்ன குறை சொல்லியிருந்தாலும் கேட்டிருப்பேன். மறுநாளிலிருந்து பதிலுக்குப் பதில்தான்.