மாமியாரும் பார்த்த மின்னஞ்சல்

சிதம்பரத்தில் ஒரு கணினிப் பயிற்சி நிலையத்தில் நான் பாடம் நடத்திக்கொண்டிருந்தபோது, உள்ளூர் கேபிள் டிவி நடத்தியவர் என்னைத் தேடி வந்தார். "எல்லாரும் இன்டர்நெட்டு இன்டர்நெட்டுன்றாங்க. அது என்னான்னு டிவில ஜனங்களுக்குச் சொல்லிக் குடுங்க மேடம்" என்றார். ஞாயிறு காலை, நேரடி ஒளிபரப்பு. உடனே சரி என்றேன். டிவியில் வரும் ஆசை யாருக்குத்தான் இல்லை?

ஸ்டுடியோ என்பது அவர் அலுவலக மாடியில் நீலத் துணி கட்டிய ஓர் அறை. அங்கே இருந்தது ஒரே ஒரு தொலைபேசி இணைப்பு. நேயர்கள் கூப்பிடுவதும் அதில்தான், இன்டர்நெட் வருவதும் அதில்தான். ஒருவர் பேசி வைத்த பிறகுதான் நான் கணினியை இணைக்க முடியும். மோடம் கீச்சிடுவதைக் கேட்டுவிட்டு, டிவி ரிப்பேர் என்று மறுநாள் கேபிள்காரரிடம் சண்டைக்கு வந்தவர்களும் உண்டு.

முதல் சில வாரங்கள் கரும்பலகையில் படம் போட்டு விளக்கினேன். யாருக்கும் புரிந்ததாகத் தெரியவில்லை. அதனால் ஒரு ஞாயிறன்று, "நீங்கள் சொல்லுங்கள், நான் இங்கேயே மின்னஞ்சல் அனுப்பிக் காட்டுகிறேன்" என்று அறிவித்தேன்.

கிள்ளையிலிருந்து ஓர் இளம்பெண் கூப்பிட்டாள். கணவர் சிங்கப்பூரில் வேலை. அவருடைய மின்னஞ்சல் முகவரியை எழுத்தெழுத்தாகச் சொன்னாள்.

"மாமா, நல்லா இருக்கீங்களா? புள்ளைக்குப் பல்லு மொளைச்சிருக்கு."

தமிழை ஆங்கில எழுத்தில் தட்டினேன். ஊரே திரையில் பார்த்துக்கொண்டிருந்தது.

"வேற எதாவது சொல்லணுமா?"

"எழுதுங்க மேடம். நீங்க போன் பண்றப்பல்லாம் ஒங்க அம்மா பக்கத்துலயே நிக்கிறாங்க. ஒரு வார்த்தை மனசு உட்டுப் பேச முடியல."

தட்டி முடித்தேன்.

"மேடம், இது டிவில தெரியுதா?"

"தெரியுதேம்மா."

"அய்யய்யோ! நான் பக்கத்து வூட்டுலேருந்து பேசுறேன். அவுங்க எங்க வூட்டுல டிவி பாத்துக்கிட்டு இருக்காங்களே!"

லைன் துண்டானது. கேமரா பிடித்திருந்தவர் சிரித்த சிரிப்பில் படம் ஆடியது. மாமியார் பற்றிய வரியை எடுத்துவிட்டு மீதியை அனுப்பினேன். அந்த வாரம் முழுக்க அவள் வீட்டில் என்ன நடக்கிறதோ என்று எனக்கு ஒரே கவலை.

அடுத்த ஞாயிறு முதல் அழைப்பே அந்த மாமியார்தான். வாங்கிக் கட்டிக்கொள்ளத் தயாரானேன்.

"எம்புள்ளைக்கு நானும் ஒண்ணு அனுப்பணும். எழுதும்மா. இனிமே நீ அவகிட்ட பேசுறப்ப நான் கொல்லைப்பக்கம் போயிடுறேன். ஆனா, வைக்கிறதுக்கு முன்னாடி என்னியும் கூப்புட்டுப் பேசணும். அதுக்குத்தான்டா அங்கயே நின்னேன்."

ஒரு வார்த்தை விடாமல் அனுப்பினேன்.

அதன் பிறகு கரும்பலகையைத் தொடவே நேரமில்லை. துபாய்க்கும் மஸ்கட்டுக்கும் செய்தி சொல்ல வரிசை கட்டினார்கள். ஒரு மாலை மாமியாரும் மருமகளும் குழந்தையோடு பயிற்சி நிலையத்துக்கே பஸ் ஏறி வந்துவிட்டார்கள். தானே தட்டக் கற்றுக்கொள்ள வேண்டுமாம் மருமகளுக்கு. நான் சொல்லிக் கொடுத்து அவள் கணவருக்குத் தட்ட ஆரம்பித்ததும், குழந்தையை இடுப்பில் வாங்கிக்கொண்ட மாமியார், "நீயும் பாக்காத, வாம்மா" என்று என்னையும் கையைப் பிடித்து வாசலுக்கு இழுத்துக்கொண்டு போனார்.