மேஸ்திரிக்கு எதிரில் குடித்த தண்ணீர்

லண்டனில் ஒன்றுக்குப் போக வேண்டுமென்றால் முதலில் காபி குடிக்க வேண்டும். 'கழிப்பறை வாடிக்கையாளருக்கு மட்டும்' என்று கடைக்கதவில் எழுதியிருப்பார்கள். குடித்து, போய்விட்டு வெளியே வந்தால், அதே காபி அடுத்த தெருவில் தன் வேலையைக் காட்டும். வந்து ஆறு வருடமாகியும் இந்த நியாயம் எனக்குப் பிடிபடவில்லை. எங்கள் மரக்காணம் உப்பளத்தில் நியாயம் சுலபம்: போக இடமில்லை, கேட்டாலும் வேலைவாங்கும் மேஸ்திரி காதில் போட்டுக்கொள்வதில்லை, ஆகவே பெண்கள் தண்ணீரே குடிப்பதில்லை. கண்ணுக்கெட்டிய மட்டும் பொட்டல், ஒரு புதர்கூடக் கிடையாது. விடியலில் பாத்தியில் இறங்கும் அம்மா, வீடு திரும்பும்வரை நாக்கை நனைக்கமாட்டாள். பள்ளி விடுமுறைகளில் நானும் அப்படித்தான் உப்புக்கூடை சுமந்தேன்.

இதையெல்லாம் சொல்லித்தான் இங்கே மேடையில் சிரிக்கவைக்கிறேன். ஸ்டாண்டப் காமெடி என் பிழைப்பு. முடிந்ததும் வாசலில் நின்று, உப்பளத்துக்குக் கழிப்பறை கேட்கும் மனுவில் கையெழுத்து வாங்குவது நானாக இழுத்துக்கொண்ட வம்பு. ஒருமுறை கையெழுத்திட்ட வெள்ளைக்காரப் பெண்மணி, "தண்ணீர் குடிக்காமலிருப்பது உங்கள் மத விரதமா?" என்று கேட்டார். "ஆமாம், மேஸ்திரி விரதம்" என்றேன். "எவ்வளவு அழகு!" என்று நெஞ்சில் கைவைத்துக்கொண்டார்.

லுங்கியைத் தூக்கிப் பிடித்து அந்த மேஸ்திரி போல மேடையில் நான் நடந்துகாட்டிய வீடியோ ஊர்போய்ச் சேர்ந்தது. அவருக்கு ஆங்கிலம் தெரியாது. சொந்த நடை தெரியாமல் போகுமா? அம்மாவை வேலையிலிருந்து நிறுத்திவிட்டார்.

"அங்க நீ பல்லக் காட்டிப் பொழைக்கிற, இங்க என் பொழப்புல மண்ணப் போட்டுட்டியேடி!" போனில் பொரிந்து தள்ளினாள்.

"நீ வேலைக்கே போவ வேணாம்மா, நான் பாத்துக்கிறேன்."

"உன்ன யாரு கேட்டா? பாத்திய உட்டுட்டு நான் எங்கடி போவேன்?"

வைத்துவிட்டாள். அன்று முழுக்க அழுதேன். ஊரைச் சொல்லிக் கைதட்டு வாங்கியவள் நான், உதை வாங்கியவள் அவள்.

மூன்றாம் நாள் அவளே கூப்பிட்டாள். சிரிப்பில் பேச்சு வரவில்லை. வானம் கறுத்துக் கிடந்ததாம். மழைக்குள் உப்பை வாரிக் கரையேற்ற வேண்டும் என்று மேஸ்திரி பறந்திருக்கிறார். பெண்களோ அம்மாவை அழைத்துவந்து நடுவில் உட்காரவைத்து, வரப்பில் வரிசையாக அமர்ந்து, ஆளுக்கொரு பெரிய பாட்டிலைத் திறந்து அவருக்கு எதிரிலேயே மடக்மடக்கென்று குடித்திருக்கிறார்கள்.

"இன்னாம்மா பண்றீங்க?"

"குடிச்சிட்டோங்க மேஸ்திரி. இப்ப எங்க போவறதுன்னு நீங்களே சொல்லுங்க. சொன்னாத்தான் எழுந்திருப்போம்."

பாவம், மனிதர் பைக்கை எடுத்துக்கொண்டு ஓடியிருக்கிறார். அரைமணியில் மறைப்புக் கட்ட நாலு கம்பும் தகரமும் வந்தன, அம்மாவுக்குக் கூடையும் திரும்பக் கிடைத்தது. மறுவாரம் கழிப்பறை கட்டச் செங்கல் இறங்கியதும் மறுபடி கூப்பிட்டாள். "உன் கையெழுத்துக் காயிதத்துல வடை மடிச்சிக்க" என்றாள் அம்மா.

நேற்று மேடையில் இதைச் சொன்னேன். விழுந்து விழுந்து சிரித்தார்கள். பக்கத்து முக்காலியில் எப்போதும் ஒரு கிளாஸ் தண்ணீர் வைப்பார்கள். ஆறு வருடத்தில் நான் அதைத் தொட்டதில்லை. நேற்று அம்மா பேரைச் சொல்லி முழுதாகக் குடித்தேன். குடித்த மறுநிமிடம் என் கண் தானாக அரங்கில் புதர் தேடியது. கழிப்பறை பத்தடி தூரத்தில்தான், விளக்குகூட எரிந்தது. மரக்காணத்தில் இப்போது யாரும் அடக்குவதில்லை. லண்டனில் நான் ஒருத்திதான் பழைய மரக்காணத்துக்காரியாக, நிகழ்ச்சி முடியும்வரை அடக்கிக்கொண்டு நின்றேன்.