பேர் சொல்லிக் கூப்பிட வேண்டிய சந்து

மெட்டுகுடாவில் ரயில்வே குவார்ட்டர்ஸுக்குப் பின்னால் இருக்கும் சந்துகளை நம்பக் கூடாது. வெயில் சாயும் நேரத்தில், தெரிந்த சந்தில் தெரியாத திருப்பம் ஒன்று முளைக்கும். அதில் திரும்பினால் இன்னொன்று. எங்கள் பக்கம் இதற்குச் 'சக்கர்' என்று பேர். உள்ளே மாட்டியவருக்குப் பத்து நிமிஷம் நடந்த மாதிரிதான் இருக்கும். வெளியே நாள் கணக்கில் போயிருக்கும். ஒருமுறை பால்காரர் மாட்டிக்கொண்டு, இரண்டு நாள் கழித்து வந்தார். கேனில் பால் கறந்த சூடு ஆறவில்லை. அதை வாங்கித்தான் அன்றைக்கு எங்கள் வீட்டில் காப்பி போட்டார்கள்.

யாரும் இதற்காகப் பெரிதாகப் பயந்ததில்லை, வழி தெரியும் என்பதால். மாட்டியவரின் வீட்டு ஆள் ஒருவர் சந்து முனையில் நின்று அவரைப் பேர் சொல்லிக் கூப்பிட வேண்டும். பேர் காதில் விழுந்ததும் எந்தப் பக்கம் வருவது என்று உள்ளே இருப்பவருக்குப் புரிந்துவிடும். அக்கம்பக்கத்தார் தொண்டை கிழியக் கத்தினாலும் பிரயோஜனமில்லை. ஒரே அடுப்பில் வெந்த சோற்றைத் தின்றவர்தான் கூப்பிட வேண்டும்.

நான் மூன்றாம் வகுப்புப் படித்தபோது, அப்பா ஒருநாள் சாயங்காலம் டியூட்டி முடிந்து அந்தச் சந்து வழியாக வந்தார். வந்தார் என்றா சொன்னேன்? உள்ளே போனார், வரவில்லை. அவரைப் பெற்றவர்கள் உயிரோடு இல்லை, கூடப் பிறந்தவர்களும் கிடையாது. வீட்டு ஆள் என்றால் அம்மாவும் நானும்தான்.

அம்மா முனையில் போய் நின்றாள். "என்னங்க... இந்தப் பக்கம் வாங்க... என்னங்க!"

பக்கத்து வீட்டு ஆன்ட்டி தலையில் அடித்துக்கொண்டாள். "நாம் லேகே புலாவ் அம்மா, ஷரம் கைக்கு?" பேரைச் சொல்லிக் கூப்பிடு, இதில் என்ன வெட்கம் என்று கேட்டாள். அம்மாவுக்கு அது வெட்கமில்லை, பயம். புருஷன் பேரைச் சொன்னால் அவர் ஆயுசு குறையும் என்று சொல்லிச் சொல்லி வளர்த்திருந்தார்கள். ரேஷன் கடையில் வீட்டுக்காரர் பேர் கேட்டால்கூட வாயைத் திறக்காமல் கார்டைத் தூக்கிக் காட்டுவாள்.

"என் குரல் அவருக்குத் தெரியாதா?" என்றாள். தெரியும், மகராசி, நன்றாகவே தெரியும். ஆனால் அந்த வரிசையில் பாதி வீடுகளில் தமிழ்ப் பொம்பளைகள். பொழுது சாய்ந்தால் நாலு பக்கமும் 'என்னங்க'தான். அவர் எந்த என்னங்கவைப் பிடித்துக்கொண்டு வருவார்?

"நான் கூப்புடவா?" என்று கேட்டேன்.

"பெத்த அப்பனைப் பேர் சொல்லுவியா? நாக்குல சூடு வெச்சிடுவேன், ஜாக்கிரதை." சொன்னால் செய்கிறவள். நான் வாயை மூடிக்கொண்டேன்.

அப்புறம் குவார்ட்டர்ஸைக் காலி செய்யச் சொன்னார்கள். அம்மா இரண்டு தெரு தள்ளி ஒரு ஒண்டுக்குடித்தனத்தைப் பிடித்தாள். ஹாஸ்டல் ஒன்றில் சமையல் வேலைக்குப் போய் என்னைப் படிக்கவைத்தாள். தினமும் சாயங்காலம், கோயிலுக்குப் போகிற மாதிரி, தலைவாரிப் பூ வைத்துக்கொண்டு சந்து முனைக்குப் போய்க் கூப்பிட்டுவிட்டு வந்தாள்.

நான் வளர்ந்தேன். கூடவே புத்தியும் வளர்ந்துவிட்டதாக நினைத்துக்கொண்டேன். சக்கராவது மண்ணாங்கட்டியாவது, மனுஷன் இன்னொருத்தியோடு ஓடிப்போயிருப்பார் என்று முடிவு கட்டினேன். காலேஜில் கேட்டவர்களிடம் அப்பா இல்லை என்றேன். அம்மா முனைக்குக் கூப்பிட்டால், "நக்கோமா, வேண்டாம், ஆளை விடு" என்பேன். அவர் பேரை மனசுக்குள்கூடச் சொன்னதில்லை. அடிப்பாவி, ஒரே ஒரு தடவை அங்கே போய்க் கத்தியிருந்தால் எனக்கு என்ன குறைந்துபோயிருக்கும்? அம்மாவின் முடி நரைக்கும் முன்னால், முட்டி தேயும் முன்னால் கத்தியிருக்கலாம்.

போன மழைக்காலத்தில் அம்மாவால் தனியாக நடக்க முடியாமல் போனது. தார்நாகாவில் லிஃப்ட் வைத்த ஃபிளாட் ஒன்றைப் பார்த்து வைத்திருந்தேன். வரமாட்டேன் என்று ஒரே அடம். ஒரு சாயங்காலம், லேப்டாப்பில் மீட்டிங்கில் இருந்த என் பக்கத்தில் வந்து நின்றாள். "முனை வரைக்கும் கையப் புடிச்சுக் கூட்டிட்டுப் போடி. வேற ஒண்ணும் கேக்கல." முணுமுணுத்துக்கொண்டே கூட்டிப்போனேன்.

சந்து முனையில் நின்று அம்மா கூப்பிட்டாள். குரலே வரவில்லை, வெறும் காற்றுதான் வந்தது. இருமினாள். எச்சிலை விழுங்கிக்கொண்டு மறுபடியும் "என்னங்க" என்றாள். எனக்கு எங்கிருந்துதான் அப்படியொரு கோபம் வந்ததோ! அவள் மேலா, அவர் மேலா, என் மேலேயா என்று தெரியவில்லை. அப்பாவின் பேரைச் சொல்லிக் கத்தினேன். இனிஷியலோடு கத்தினேன். "எங்க இருந்தாலும் வந்து தொலைங்க! இவ போய்ச் சேர்றதுக்குள்ள வாங்க!"

என் வாயைப் பொத்த அம்மா கையைத் தூக்கினாள். தூக்கிய கை அப்படியே நின்றுவிட்டது. சந்துத் திருப்பத்திலிருந்து அப்பா வந்துகொண்டிருந்தார்.

சட்டை முதுகில் வியர்வை காயவில்லை. தலையில் ஒரு நரை கிடையாது. என்னைவிடச் சின்னவர். என் ஆபீஸில் புதிதாகச் சேர்ந்திருந்தால் நான்தான் வேலை சொல்லிக்கொடுத்திருப்பேன். என் முகத்தை ஒரு தடவை பார்த்தார். அந்நியப் பெண்ணிடம் பேசக் கூச்சப்பட்டவர்போல் கண்ணை எடுத்துக்கொண்டு அம்மாவிடம் போனார்.

"அம்மா, இங்க என் சம்சாரம் நின்னு கூப்புட்டுட்டு இருந்தா. குரல் கேட்டுச்சு, எந்தப் பக்கம்னுதான் தெரியல. கூட ஒரு சின்னப் பொண்ணு இருக்கும். பாத்தீங்களா?"

நான் வாயைத் திறப்பதற்குள் அம்மா முந்திக்கொண்டாள். முந்தானையை இழுத்துப் போர்த்திக்கொண்டு, குனிந்த தலை நிமிராமல் சொன்னாள்: "இப்பதான் வீட்டுக்குப் போனா, தம்பி."

"ஐயோ, கோவமாப் போனாளா?"

"கோவமெல்லாம் இல்ல."

அப்பா பழைய குவார்ட்டர்ஸ் பக்கம் வேகமாக நடந்தார். அந்த வீட்டில் யார் யாரோ குடியிருந்துவிட்டுப் போய், இப்போது பூட்டிக் கிடக்கிறது. "அப்பா, நில்லுங்க!" என்று நான் பின்னால் ஓடப்போனேன். அம்மா என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டாள். அந்தக் கையில் அவ்வளவு பலம் மிச்சமிருக்கும் என்று நான் நினைக்கவில்லை.

"விடுடி, கொஞ்ச தூரம் போகட்டும். என்னைத் தேடிட்டு எப்படி ஓடுறாரு, பாரு."