காய்ந்த கேன்

காலை ஐந்தே முக்கால். பெட்ரோல் பங்க் இன்னும் திறக்கவில்லை. அப்பா ஐந்து லிட்டர் அளவுக் கேனை டீசலால் நிரப்பித் தொட்டியில் கொட்டினார். கவிழ்த்துப் பிடித்தபடி முப்பது வரை எண்ணினார். பிறகுதான் மறுபடி பிடித்து அளந்தார். மகள் குனிந்து கேனின் கழுத்திலிருந்த கோட்டைப் பார்த்தாள்.

"மூணு மில்லி கம்மி."

"பரவாயில்ல, எழுதிக்கோ."

"உங்க முப்பது என் வாட்சுல நாற்பத்தஞ்சு செகண்டுப்பா."

"டீசல் சாவகாசமாத்தான் இறங்கும். அதை விரட்ட நீ யாரு?"

இருவரும் சேர்ந்து செய்த கடைசி வேலை அது. அன்று மதியம் கல்லா நாற்காலியில் உட்கார்ந்தபடியே அப்பா போய்விட்டார். பங்க் வழக்கின் தீர்ப்புக்கு இன்னும் பதினோரு நாள் இருந்தது.

அப்பா வண்டியிலிருந்து குழாயை எடுக்கும்முன் கடைசித் துளி விழும்வரை ஆட்டுவார். லாரிக்காரர்கள் அதனால் வைத்த பெயர் 'சொட்டு'. மூன்று வருஷத்துக்கு முன்பு அந்தப் பெயரே வசவாகிப்போனது. "சொட்டுச் சொட்டா எத்தனை லிட்டர் அடிச்சீங்க?" என்று முகத்துக்கு நேரே கேட்டார்கள்.

காரணம் எடை அளவு அதிகாரி. உச்சி வெயிலில் வந்து ஜீப்பிலிருந்து காய்ந்த கேனை இறக்கினார். ஒரே ஒரு முறை பிடித்தார். முப்பத்தொரு மில்லி குறைந்தது. இருபத்தைந்து வரைதான் அனுமதி.

"சார், ஒருதடவை நனைச்சுட்டுப் பிடிங்க. நனைஞ்ச கேன்ல கொஞ்சம் ஒட்டியிருக்கும், அதையும் சேர்த்துப் போட்ட கோடு அது" என்றார் அப்பா.

"திருட்டும் பண்ணிட்டு எனக்குப் பாடம் வேறயா?"

இயந்திரத்தில் கை வைத்திருப்பதாக அதிகாரி எழுதிவிட்டுப் போனார். அபராதம் வந்தது, உரிமம் ரத்து என்று ஓலை வந்தது. நீதிமன்றம் இடைக்காலத் தடை கொடுத்ததால்தான் பங்க் ஓடியது.

மகள் ஓர் ஆலையில் அளவுக் கருவிகளைச் சரிபார்க்கும் பொறியாளர். அதே வகைக் கேனில் காய்ந்தபடி முப்பது முறை, நனைத்து முப்பது முறை அளந்தாள். வித்தியாசம் ஒன்பது மில்லி. முப்பத்தொன்றில் ஒன்பது போனால் இருபத்திரண்டு. அப்பா குற்றவாளி இல்லை. அட்டவணையை வக்கீலிடம் கொடுத்தாள்.

தீர்ப்பு நாளில் நீதிபதி அதைத்தான் பிடித்துக்கொண்டார். கேனை நனைத்ததாகச் சோதனைக் குறிப்பில் ஒரு வரிகூட இல்லை. மறுசோதனை கேட்டும் மறுத்திருக்கிறார்கள். அபராதமும் ரத்தும் செல்லாது. பின்வரிசையில் அதிகாரி போனைத் தடவிக்கொண்டிருந்தார்.

"ஜெயிச்சாச்சும்மா" என்றார் வக்கீல்.

"அந்த ஆளுக்கு என்ன சார்?"

"அவருக்கென்ன? தீர்ப்புல பேர்கூட இல்ல. விடும்மா, போனவர் நிம்மதியா இருக்கட்டும்."

"அவர் இருக்கட்டும். எனக்கு நிம்மதி வேண்டாம்."

மூன்று வருஷம் கறுவிவைத்தது அவளுக்குள் அப்படியே இருந்தது. வீட்டுக்கு வந்து அப்பாவின் சட்டைப்பையைத் துழாவினாள். ஒரு சீட்டு. பங்க் கேனின் அளவைச் சரிபார்த்து வருஷ முத்திரை போட, எடை அளவு அலுவலகத்தில் கடைசி நாள் வெள்ளிக்கிழமை.

"வருஷா வருஷம் அய்யாதான் எடுத்துட்டுப் போவாரு" என்றாள் பங்கில் கல்லா பார்க்கும் அக்கா, சீட்டைப் பார்த்துவிட்டு. "அதே ஆபீசு, அதே ஆளு. வேணும்னே மதியம் வரைக்கும் நிக்க வைப்பான். இவரு வந்து மூச்சு விடமாட்டாரு."

மகள் சீட்டை மடித்துத் தன் பையில் வைத்தாள்.

வெள்ளிக்கிழமை கேனோடும் தீர்ப்பு நகலோடும் போனாள். முத்திரை அறையில் தண்ணீரில்தான் அளப்பார்கள். அதிகாரி சீட்டை வாங்கி, பெயரைப் பார்த்து, தலை நிமிராமல் கேட்டார்.

"ஓனர் வரலையா?"

"வரமாட்டார். நான் அவர் மக."

அவர் சீட்டை ஓரமாக வைத்தார். காய்ந்த கேனை எடுத்துக் குழாயடியில் வைக்கப் போனார். அவள் தீர்ப்பைப் பிரித்து, கேனை நனைக்காததைச் சொல்லும் பக்கம் மேலே தெரிய மேஜையில் வைத்தாள். வரிசையில் நின்ற நான்கு பேரும் எட்டிப் பார்த்தார்கள்.

"முதல்ல நனைங்க சார். கவிழ்த்துப் பிடிங்க. நான் எண்ணுறேன்."

"அதெல்லாம் எனக்குத் தெரியும்மா."

"தெரியும்னு தெரியும். அதனாலதான் வந்திருக்கேன். இனி வருஷா வருஷம் நான்தான் வருவேன்."

அவர் நிரப்பினார், கொட்டினார், இரும்புக் கேனை இரண்டு கையாலும் கவிழ்த்துப் பிடித்தார்.

"ஒண்ணு" என்றாள் அவள், அப்பாவின் வேகத்தில்.