இரண்டு சுரங்களுக்கு நடுவே

அப்பா இறந்த அன்று உத்தமபாளையம் வீட்டில் அக்கா ஒப்பாரி வைத்தாள். “அப்பா” என்று அவள் இழுத்தபோது குரல் இரண்டு சுரங்களுக்கு நடுவே நின்றது. ஃபோனில் சுருதி அளக்கும் செயலியில் அதைப் பார்த்து, அளவை டைரியில் எழுதினேன்.

மறு ஆண்டு சென்னையில், அந்த ஒலியை என் இசைக்குழுவின் வயலின்களுக்கு எழுதி நானே நடத்தினேன். ஒத்திகையில் வயலின் கலைஞர்கள் பழக்கத்தில் பக்கத்துச் சுரத்துக்கு நழுவினார்கள்; ஒவ்வொரு முறையும் நிறுத்தித் திருத்தினேன்.

கச்சேரி முடிந்ததும் அக்கா வந்தாள்.

“அது எங் கொரலுதானடா?”

“ஆமாக்கா.”

“அன்னைக்கு நீ அழுகல. போனையே பாத்துக்கிட்டு இருந்த. இப்ப அப்பாவ நெனச்சு அழுக வாயத் தொறந்தா, ஒன் வயலினுதாண்டா கேக்குது.”

வீடு திரும்பிப் பழைய டைரியைப் புரட்டினேன். அன்றைய பக்கத்தில் அந்த அளவு மட்டும் இருந்தது. அப்பா இறந்ததை நான் எழுதவே இல்லை.