பன்னிரண்டு பேருக்கு ஆறு ஸ்டூல்

நின்றுகொண்டே எட்டு மணி நேரம் வேலை பார்த்திருக்கிறீர்களா? ஒரு நாள் அல்ல, பதினைந்து வருடம்? அப்படி நிற்கிற உங்களிடம் ஒருவர் வந்து, "இன்று எவ்வளவு உற்சாகமாக இருக்கிறீர்கள்? ஒன்றிலிருந்து ஐந்துக்குள் ஒரு எண்ணை வட்டமிடுங்கள்" என்று தாளை நீட்டினால் என்ன செய்வீர்கள்? வட்டமிடுவீர்களா, கிழித்துப் போடுவீர்களா?

இரண்டையும் செய்யாத ஒரு பெண்ணைப் பற்றிச் சொல்கிறேன்.

மருந்துத் தொழிற்சாலையில் குப்பி பார்ப்பவள் அவள். ஊசி மருந்து நிரப்பி மூடிய சின்னக் கண்ணாடிக் குப்பிகள் பெல்ட்டில் ஊர்ந்து வரும். பின்னால் வெள்ளை விளக்குப் பலகை. அந்த வெளிச்சத்தில், குப்பிக்குள் தூசி மிதக்கிறதா, கண்ணாடியில் கீறல் இருக்கிறதா என்று பார்த்து, கெட்டதைப் பொறுக்கிச் சிவப்புத் தட்டில் போட வேண்டும். தப்பிய தூசி எங்கோ ஒரு நோயாளியின் ரத்தத்தில் போய் இறங்கும். பெல்ட்டை ஒட்டி வரிசையாகப் பன்னிரண்டு பெண்கள். இவள் கண்ணிலிருந்து எதுவும் தப்பாது. அதனால் எல்லோரும் வைத்த பெயர் பூதக்கண்ணாடி.

கண் அப்படி. கால்தான் கைவிட்டது. முழங்காலுக்குக் கீழே நரம்புகள் நீலமாகப் புடைத்துச் சுருண்டிருந்தன. கணுக்காலில் தோல் கறுத்து அரிக்கத் தொடங்கியதும் டாக்டரிடம் போனாள்.

"மணிக்குப் பத்து நிமிஷமாவது உக்காருங்கம்மா. இப்படியே நின்னீங்கன்னா புண்ணு வந்துடும். வந்தா லேசுல ஆறாது. அப்புறம் இந்த வேலையை மறந்துட வேண்டியதுதான்."

அவள் வீட்டுக்காரர் பஸ் டிரைவர். முதுகுக்கு வெந்நீர்ப் பை வைத்துக்கொண்டு கட்டிலில் குப்புறக் கிடந்தவரிடம் டாக்டர் சொன்னதைச் சொன்னாள்.

"எனக்கு உக்காந்து உக்காந்து முதுகு போச்சு, உனக்கு நின்னு நின்னு காலு போச்சு. பேசாம வேலையை மாத்திக்கலாமா?"

"மாத்திக்கலாமே. எதிர்ல வர்ற லாரியே ஹாரன் அடிச்சாத்தான் உங்களுக்குத் தெரியுது. நீங்க பாத்து விட்ட மருந்தை எவன் போட்டுக்குவான்?"

மறுநாள் சூப்பர்வைசரிடம் போய் ஒரு ஸ்டூல் கேட்டாள். சூப்பர்வைசர் கெட்ட மனிதர் இல்லை. பயந்த மனிதர். இந்த உலகத்தில் பாதிக் கொடுமையைக் கெட்டவர்கள் செய்கிறார்கள். மீதிப் பாதியைப் பயந்தவர்கள் நடத்திக் கொடுக்கிறார்கள்.

"உக்காந்தா தூக்கம் வரும்மா. பெரிய முதலாளி காலத்துலேர்ந்து இங்க இதான் சட்டம்."

"நீங்க ரூம்ல உக்காந்துதானே சார் இருக்கீங்க?"

"அதனாலதாம்மா சொல்றேன். வருது!"

அந்தச் சமயத்தில்தான் தொழிற்சாலைக்குப் புதிதாக ஒருவர் வந்து சேர்ந்தார். 'பணியாளர் மகிழ்ச்சி மேலாளர்' என்பது பதவியின் பெயர். பன்னிரண்டு பேரில் மாதத்துக்கு ஒருத்தி வேலையை விட்டுப் போவதும், குப்பிகள் தப்புவதும் ஏன் என்று கண்டுபிடிக்க வேண்டியது அவர் பொறுப்பு. பெல்ட்டின் பக்கம் வந்து பத்து நிமிடம் நின்றிருந்தால் கால் அவருக்குச் சொல்லியிருக்கும். அவர் தாள் அச்சடித்தார்.

மேலே உற்சாகத்துக்கு ஒன்றிலிருந்து ஐந்து வரை எண்கள். கீழே 'உங்களை ஊக்குவிப்பது எது?' என்று கேட்டது தாள். பாராட்டு, போட்டி, குழு உணர்வு, நிறுவனத்தின் கனவு, பிற. பூதக்கண்ணாடி எந்த எண்ணையும் வட்டமிடவில்லை. 'பிற' என்பதற்கு எதிரே 'ஸ்டூல்' என்று எழுதினாள். பக்கத்தில் இருந்தவள் எட்டிப் பார்த்து அதையே எழுதினாள். பன்னிரண்டு தாளிலும் ஸ்டூல்.

மேலாளர் தாள்களைத் தொகுத்து வண்ண வண்ணமாக வட்டப்படம் வரைந்தார். அதில் 'பிற: நூறு சதவீதம்' என்று வந்தது. இப்படி ஒரு முடிவை அவர் எந்தப் படிப்பிலும் படித்ததில்லை. ஆகவே, பணியாளர்களுக்குத் தங்களுக்கு என்ன வேண்டும் என்றே தெரியவில்லை என்று அறிக்கை எழுதினார். அதற்கு மருந்தும் எழுதினார். சுவருக்கு மஞ்சள் வண்ணம் அடித்தார்கள். தினமும் காலையில் வட்டமாக நின்று ஐந்து நிமிடம் கைதட்டினார்கள். அதுவும் நின்றபடிதான்.

அதுவும் பலிக்காமல் போகவே, மேலாளரையும் சூப்பர்வைசரையும் மலை மேல் ஒரு ஹோட்டலுக்கு அனுப்பினார் முதலாளி. தொழிலாளிக்கு ஊக்கம் ஊட்டுவது எப்படி என்று நான்கு நாள் பயிற்சி.

அவர்கள் கிளம்பிய காலையில் பூதக்கண்ணாடி மூலையில் கிடந்த ஆறு பிளாஸ்டிக் கிரேட்டுப் பெட்டிகளைக் கழுவித் துடைத்துக் கவிழ்த்துப் போட்டாள்.

"ஆறு பேரு உக்காருங்க, ஆறு பேரு நில்லுங்க. அரை மணிக்கு ஒரு தடவை மாத்திக்கலாம்."

"அக்கா, யாராவது பாத்தா?"

"பாக்குறவங்கதான் மலையில இருக்காங்களே."

அந்தத் தொழிற்சாலையில் ஒரு வழக்கம் உண்டு. ஒவ்வொரு ஷிஃப்டிலும் சோதனைக்கூடத்தார் யாருக்கும் தெரியாமல் பத்துக் கெட்ட குப்பிகளைப் பெல்ட்டில் கலந்து விடுவார்கள். எத்தனை பிடிபடுகிறது என்று பார்ப்பார்கள். வழக்கமாக ஏழு, மிஞ்சிப் போனால் எட்டு. அந்த நான்கு நாளும் பத்துக்குப் பத்து. யாரும் வேலையை விடவில்லை, யாரும் லீவு போடவில்லை.

பயிற்சி முடிந்து திரும்பிய இருவரும் கணக்கைப் பார்த்து ஒருவரை ஒருவர் கட்டிப் பிடித்துக்கொண்டார்கள். பயிற்சி பலித்துவிட்டது! பயிற்சி எடுத்தவர்கள் மலையில் இருந்தார்களே, இங்கே எப்படிப் பலிக்கும் என்று ஒருவரும் கேட்கவில்லை. மருந்தைத் தின்றவன் ஒருவன், நோய் தீர்ந்தவன் இன்னொருவன். மருந்து செய்கிற இடத்திலேயே இதை நம்பினார்கள் என்றால் மற்ற இடங்களைப் பற்றிச் சொல்ல வேண்டுமா? "தலைமையின் நேர்மறை எண்ணம் தூரத்தைக் கடந்து பாயும்" என்று மேலாளர் விளக்கினார்.

கிரேட்டுகள் மூலைக்குத் திரும்பின. பன்னிரண்டு பேரும் நின்றார்கள். மூன்றாம் நாள் பூதக்கண்ணாடியின் கணுக்காலில் நீர் கசிந்தது.

வெற்றியைக் கொண்டாட விழா வைத்தார்கள். மேடை, பலூன், நடுவில் முதலாளி. 'உற்சாக நட்சத்திரம்' என்ற பட்டம் பூதக்கண்ணாடிக்கு. கீழே வரிசையில் காத்திருந்தபோது பக்கத்தில் இருந்தவள் அவள் கையைப் பிடித்தாள்.

"அக்கா, கிரேட் கதையை மட்டும் எடுத்துடாதீங்க. சொன்னா இருக்குறதும் போயிடும். இன்னொரு தடவை மலைக்குப் போகாமலா இருப்பாங்க?"

"அவங்க மலைக்குப் போறதுக்குள்ள என் காலு எங்க போகும்னு சொல்லு?"

மேடையில் மேலாளர் ஒலிவாங்கியை நீட்டினார். "சொல்லுங்கம்மா, அந்த நாலு நாள்ல உங்களுக்குள்ள என்ன மாறிச்சு?"

"எனக்குள்ள ஒண்ணும் மாறல சார். நீங்க ஊர்ல இல்ல. கிரேட்டைக் கவுத்துப் போட்டு உக்காந்தோம்."

கூட்டம் சிரித்தது. முதலாளி சிரிக்கவில்லை. "உக்காந்தா தூக்கம் வராதா?"

"தூங்குறவ எப்படி சார் பத்துக்குப் பத்து புடிப்பா? நீங்களும் காலையிலேர்ந்து உக்காந்துதானே இருக்கீங்க, தூங்கவா செஞ்சீங்க?"

பட்டத்தைக் கண்ணாடிச் சட்டம் போட்டுக் கொடுத்தார்கள். மறுநாளே கிரேட்டுகளை அறையில் வைத்துப் பூட்டினார்கள். உட்காருவதைப் பற்றி ஆராய ஐந்து பேர் கொண்ட குழு அமைந்தது. ஐந்து பேரும் நாள் முழுக்க நாற்காலியில் இருப்பவர்கள். ஆறு மாதத்தில் அறிக்கை தருவார்களாம். புண்ணுக்கு ஆறு மாதம் பொறுக்கத் தெரியாது.

பெல்ட்டுக்கு எதிரே சூரியன் உதிக்கும் படம் ஒன்று மாட்டியிருந்தார்கள். 'முடியாதது எதுவும் இல்லை' என்று அதில் எழுதியிருந்தது. அதன் பின்னால் மறைந்து கிடந்தது தரக்கட்டுப்பாட்டு விதிப் பலகை. படம் ஏறுவதற்கு முன்பே அதைப் படித்தவள் அவள் ஒருத்திதான். ஏழாவது விதி: குப்பி பார்ப்பவருக்குக் கண் களைத்தால் பெல்ட்டை நிறுத்தலாம். பதினைந்து வருடத்தில் ஒருத்தியும் நிறுத்தியதில்லை.

குழு அமைந்த மறுநாள் காலை வேலை தொடங்கி ஒரு மணி நேரம் ஆனதும் அவள் சிவப்புப் பொத்தானை அழுத்தினாள். பெல்ட் நின்றது. அவள் தரையில் உட்கார்ந்து காலை நீட்டிக்கொண்டாள்.

சூப்பர்வைசர் ஓடி வந்தார். "என்னம்மா ஆச்சு? ஏன் நிக்குது?"

"கண்ணு களைச்சிருக்கு சார். ஏழாவது விதி."

"எந்த விதி? யாரு போட்டது?"

"சூரியனைக் கொஞ்சம் நகத்திப் பாருங்க சார்."

பார்த்தார். படத்தைத் திரும்பவும் மாட்ட அவருக்குக் கை வரவில்லை. பத்து நிமிடம் கழித்து அவள் எழுந்து பெல்ட்டை ஓட விட்டாள். அடுத்த அரை மணியில் பக்கத்தில் இருந்தவளுக்குக் கண் களைத்தது. அதற்கடுத்து இன்னொருத்திக்கு. இரண்டு நாள் இப்படியே போயிற்று. பெல்ட் நிற்கும் ஒவ்வொரு நிமிடமும் முதலாளியின் அறையில் ஒரு தொலைபேசி அடித்தது. மூன்றாம் நாள், குழு ஒரு தடவைகூடக் கூடாமலே, ஆறு ஸ்டூல் வந்து இறங்கியது.

இப்போது பிடிபடுவது மறுபடியும் பத்துக்குப் பத்து. அவளுக்குப் புண் ஆழமாகவில்லை. தோல் மூடி வருகிறது என்று டாக்டர் சொல்லியிருக்கிறார். மேலாளர் வேறு தொழிற்சாலைகளுக்குப் போய் 'இருக்கை வழி ஊக்கம்' என்ற தலைப்பில், தானே கண்டுபிடித்ததாக, ஒன்றரை மணி நேரம் பேசுகிறார். கேட்பவர்களுக்கு மெத்தை போட்ட நாற்காலி.

சுவருக்கு அந்தப் பக்கம் லேபிள் ஒட்டும் பிரிவில் பத்தொன்பது பெண்கள் இன்னும் நிற்கிறார்கள். பூதக்கண்ணாடி சாப்பாட்டு இடைவேளையில் அவர்களுக்கு அவர்கள் பிரிவின் விதிப் பலகையைப் படித்துக் காட்டப் போய்க்கொண்டிருக்கிறாள்.

நாளை நீங்கள் ஒரு கடைக்குள் நுழைவீர்கள். உங்களுக்காகத் துணியை விரித்துக் காட்டுகிறவளோ, கதவைத் திறந்து விடுகிறவரோ, பொட்டலம் கட்டுகிறவரோ நின்றுகொண்டிருப்பார். பொருளைக் கையில் எடுக்கும் முன், முதலாளிக்குக் கேட்கிற குரலில், "இவங்க உக்கார எங்க இடம்?" என்று கேளுங்கள். பதில் வரும்வரை எதையும் வாங்காதீர்கள்.