இரவல் வாங்கிய வசதி

எங்கள் கூரை வீட்டைப் பார்த்த பிறகுதான் அரசாங்கக் கான்கிரீட் வீடு கிடைக்கும் என்றார்கள். அரியலூரிலிருந்து ஆபீசர் வருகிறார் என்றதும் எனக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. வருகிறவரைத் தரையிலா உட்காரவைப்பது? பக்கத்து வீட்டு மல்லிகாவிடம் நாற்காலியும் டிவியும் இரவல் வாங்கிவந்தேன். கூரை ஒழுகும் இடத்தைச் சேலை கட்டி மறைத்தேன்.

உள்ளே வந்தவர், "வசதியாத்தான இருக்கீங்க! இல்லாதவங்களுக்குத்தாம்மா வீடு" என்று திரும்பிவிட்டார்.

வெளி ஆட்களிடம் வாயே திறக்காத நான் பின்னாலேயே ஓடினேன்.

"சார், அதெல்லாம் பக்கத்து வூட்டுதுங்க! கூரை மட்டுந்தாங்க என்னுது!"

"ஆமாங்க சார்," என்றாள் தன் வாசலில் நின்றிருந்த மல்லிகா. "சீரியல் ஆரம்பிக்கறதுக்குள்ள டிவிய எடுத்துட்டுப் போவணும்."

ஆபீசர் சிரித்துக்கொண்டே உள்ளே வந்து சேலையை விலக்கினார். வானம் தெரிந்தது. "உங்களுக்குத்தாம்மா வீடு" என்றார்.

இன்று அஸ்திவாரம் தோண்டுகிறார்கள்! இல்லை என்று சொல்ல வெட்கப்பட்டு, இதையல்லவா விட்டிருப்பேன்.